‘வரலாற்றில் இன்று’ தொகுப்பது எப்படி? செப்டம்பர் 11-ஐ வைத்து ஒரு முழுமையான வழிகாட்டி

பள்ளிக் காலை வணக்கக் கூட்டம், நூலக அறிவிப்புப் பலகை, ஊர்ச் சங்கத்தின் மாத இதழ் என்று ‘வரலாற்றில் இன்று’ பகுதிக்கு ஆள் தேவைப்படாத இடமே இல்லை. புதிதாக இந்த வேலையை எடுப்பவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் சறுக்குகிறார்கள். பிடித்த ஐந்து செய்திகளை முதலில் தேர்ந்தெடுத்து, அழகாக எழுதி முடித்து, கடைசியில் தேதியைச் சரிபார்க்க உட்காருகிறார்கள். அதற்குள் எழுதியதன் மேல் பிடிப்பு வந்துவிடும். தேதி தவறு என்று தெரிந்தாலும் நீக்க மனம் வராது.

எனவே திரட்டல், தேதிச் சோதனை, நிகழ்வுச் சோதனை, தேர்வு, எழுத்து என்ற வரிசையை மாற்றாதீர்கள். ஒவ்வொரு படியையும் செப்டம்பர் 11 என்ற ஒரே நாளை வைத்துக் காட்டுகிறேன். வரக்கூடிய சிக்கல்களில் முக்கால்வாசி அந்த ஒரு நாளிலேயே இருக்கின்றன.

தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

ஒரு நீள நோட்டு அல்லது எக்செல் கோப்பு. அதில் ஆண்டு, மாதம், நாள், கிழமை, இடம், நிகழ்வு, முதல் ஆதாரம், இரண்டாம் ஆதாரம், ஐயம் என ஒன்பது கட்டங்கள். ஆண்டையும் மாதத்தையும் நாளையும் தனித்தனிக் கட்டத்தில் போடச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. எக்செல் 1900-க்கு முந்தைய தேதிகளைத் தேதியாகவே எடுத்துக்கொள்ளாது, வெறும் எழுத்தாகத்தான் வைத்திருக்கும். 1893-ஐயும் 1973-ஐயும் ஒரே கட்டத்தில் போட்டு வரிசைப்படுத்தினால் பட்டியல் குழம்பிவிடும்.

எந்த ஆண்டுக்கும் கிழமை காட்டும் ஒரு நாட்காட்டி வேண்டும். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. தமிழ்நாட்டு நிகழ்வுகளுக்கு அந்தந்த ஆண்டின் பஞ்சாங்கம் நூலகத்தில் கிடைத்தால் இன்னும் நல்லது.

போதிய அவகாசமும் வேண்டும். வெளிவர வேண்டிய தேதிக்கு இரண்டு வாரம் முன்பாவது தொடங்குங்கள். முந்தின நாள் இரவு உட்கார்ந்தால் சரிபார்க்கும் படியைத்தான் முதலில் கைவிடுவீர்கள்.

1. யாருக்கு, எவ்வளவு நேரத்துக்கு என்று முடிவு செய்யுங்கள்

காலை வணக்கக் கூட்டத்தில் பிள்ளைகள் நிற்கிறார்கள், வெயில் ஏறுகிறது. அங்கே இரண்டு நிமிடம்தான், அதற்கு மூன்று நிகழ்வு போதும். அறிவிப்புப் பலகைக்கு ஐந்தாறு. மாத இதழுக்கு வேண்டுமானால் பத்து வரை போகலாம்.

எண்ணிக்கையை முதலிலேயே எழுதி வைத்துவிட்டால், பின்னால் ‘இதையும் சேர்த்துக்கொள்வோமே’ என்ற ஆசை வரும்போது கை நிற்கும்.

2. தேர்ந்தெடுக்காமல் திரட்டுங்கள்

இந்தக் கட்டத்தில் எதையும் எடைபோடாதீர்கள். கண்ணில் பட்டதையெல்லாம் கோப்பில் போடுங்கள். வேண்டியது ஐந்து என்றால் குறைந்தது இருபது திரட்ட வேண்டும், ஏனென்றால் அடுத்த இரண்டு படிகளில் பல விழுந்துவிடும்.

செப்டம்பர் 11-க்கு இப்படித் திரட்டினால் இவையெல்லாம் வரும்: 1297-இல் ஸ்காட்லாந்தின் ஸ்டர்லிங் பாலப் போர், 1714-இல் பார்சிலோனா நகரின் வீழ்ச்சி, 1893-இல் சிகாகோ சர்வசமயப் பேரவையின் தொடக்கமும் விவேகானந்தரின் உரையும், 1895-இல் வினோபா பாவே பிறப்பு, 1906-இல் தென்னாப்பிரிக்காவின் ஜோகன்னஸ்பர்க்கில் இந்தியர்கள் எடுத்த உறுதிமொழி, 1921-இல் பாரதியார் மறைவு, 1948-இல் ஜின்னா மறைவு, 1957-இல் பரமக்குடியில் தலித் தலைவர் இம்மானுவேல் சேகரன் கொலை, 1973-இல் சிலி ராணுவக் கவிழ்ப்பு, 2001-இல் அமெரிக்காவின் மீதான தாக்குதல்.

ஒரே இணையப் பட்டியலிலிருந்து மொத்தத்தையும் அள்ளுவதுதான் இங்கே பலர் செய்யும் பிழை. அப்படிச் செய்தால் அந்தப் பட்டியலைத் தொகுத்தவரின் உலகம்தான் உங்கள் பலகையிலும் வரும். ஆங்கிலப் பட்டியல்கள் பலவற்றில் இம்மானுவேல் சேகரன் இருக்க மாட்டார், 1906 ஜோகன்னஸ்பர்க் கூட்டமும் இருக்காது. தமிழ், ஆங்கிலம் இரண்டிலும் தேடுங்கள். வரலாற்று நூல்களின் பின்னிணைப்பில் இருக்கும் கால வரிசையையும் புரட்டுங்கள்.

3. தேதியை உறுதி செய்யுங்கள்

இந்த வழிகாட்டியில் நேரம் செலவிட வேண்டிய இடம் இதுதான். நிகழ்வு உண்மையாக இருக்கும், ஆண்டும் சரியாக இருக்கும், நாள் மட்டும் வேறாக இருக்கும். ஐந்து சோதனைகளை இந்த வரிசையிலேயே செய்யுங்கள். எளியதை முதலில் வைத்திருக்கிறேன்.

*நாளா, மாதமா முதலில்?* அமெரிக்கர்கள் மாதத்தை முதலில் எழுதுவார்கள். அவர்களுக்கு 9/11 என்றால் செப்டம்பர் 11. நம் வழக்கப்படி அதையே படித்தால் நவம்பர் 9 ஆகிவிடும். தலைகீழாகவும் நடக்கும்: அமெரிக்கத் தளத்தில் 11/9/1989 என்று இருப்பதைப் பார்த்து, பெர்லின் சுவர் திறக்கப்பட்டதைச் செப்டம்பர் பட்டியலில் சேர்த்துவிடுவார்கள். அது நடந்தது நவம்பர் 9. உங்கள் கோப்பில் மாதத்தை எண்ணால் எழுதாமல் பெயரால் எழுதினால் இந்தத் தொல்லையே இல்லை.

*எந்த ஊர்க் கடிகாரம்?* நிகழ்வு நடந்த இடத்தின் தேதியையே எடுங்கள், இதுதான் பொது விதி. விவேகானந்தர் சிகாகோவில் பேசியது அங்கே செப்டம்பர் 11 பிற்பகல். அந்த நேரத்தில் இங்கே நள்ளிரவு கடந்து 12-ஆம் தேதி பிறந்துவிட்டது. ஆனாலும் 11 என்றே எழுத வேண்டும். 2001 தாக்குதலில் முதல் விமானம் மோதியது நியூயார்க் நேரம் காலை 8.46, நமக்கு மாலை 6.16. இரண்டு ஊரிலும் ஒரே தேதி, சிக்கல் இல்லை.

விதி ஏன் தேவை என்பதற்கு 1941 டிசம்பரைப் பாருங்கள். ஜப்பானியர் மலாயாவின் கோத்தா பாருவில் தரையிறங்கத் தொடங்கியது, பேர்ல் துறைமுகத் தாக்குதலுக்கு ஒரு மணி நேரத்துக்கும் முன்பு. ஆனால் உள்ளூர்த் தேதிப்படி கோத்தா பாரு டிசம்பர் 8, பேர்ல் துறைமுகம் டிசம்பர் 7. முன்னால் நடந்ததற்குப் பிந்தைய தேதி! இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதும்போது நேர வேறுபாட்டை ஒரு வரியில் சொல்லாவிட்டால் படிப்பவர் குழம்பிப்போவார்.

நிலவில் மனிதன் இறங்கியது போன்றவற்றுக்கு உள்ளூர்த் தேதி என்று எதுவும் கிடையாது. பயணத்தை நடத்திய நாட்டின் தேதி என்பதால் 1969 ஜூலை 20 நிலைத்துவிட்டது. இந்திய நேரப்படி விண்கலம் இறங்கியது 21 அதிகாலை 1.47. இங்கே 20 என்று போட்டு, இந்திய நேரத்தைக் குறிப்பாகச் சேருங்கள்.

*நள்ளிரவுக்கு முன்பா, பின்பா?* பாரதியார் மறைந்த நாள் சில நூல்களில் செப்டம்பர் 11 என்றும் சிலவற்றில் 12 என்றும் இருக்கும். அவர் திருவல்லிக்கேணி வீட்டில் இறந்தது நள்ளிரவு தாண்டிய பிறகு. 1921 செப்டம்பர் 11 ஞாயிற்றுக்கிழமை. நம் வீடுகளில் விடியும் வரை அதை ஞாயிறு இரவு என்றுதான் சொல்வோம். பஞ்சாங்க நாளும் சூரிய உதயத்தில்தான் மாறுகிறது. ஆங்கிலத் தேதியோ பன்னிரண்டு மணிக்கே மாறிவிடும். இரண்டு தேதிகளும் பிறந்தது இப்படித்தான்.

இதுபோன்ற இடத்தில் ஒன்றைத் தேர்ந்து மற்றதை மறைக்காதீர்கள். ‘1921 செப்டம்பர் 11 நள்ளிரவுக்குப் பின், அதாவது 12-ஆம் தேதி அதிகாலை’ என்று எழுதினால் இரண்டு தரப்புக்கும் விளக்கம் கிடைத்துவிடும். நினைவு நாளாகச் செப்டம்பர் 11 வழங்கிவருகிறது, 2021 நூற்றாண்டின்போது தமிழ்நாடு அரசு அந்த நாளையே மகாகவி நாள் என அறிவித்தது. நினைவு நாள் ஒன்று, மறைந்த நேரம் ஒன்று. இரண்டையும் தனித்தனியே சொல்லலாம்.

*எந்த நாட்காட்டி?* இன்று நாம் பயன்படுத்தும் கிரிகோரியன் நாட்காட்டி 1582-இல் வந்தது. கத்தோலிக்க நாடுகள் உடனே ஏற்றன. பிரிட்டன் 1752 வரை பழைய ஜூலியன் கணக்கிலேயே இருந்தது. ரஷ்யா 1918-இல்தான் மாறியது. அதனால்தான் 1917 அக்டோபர் புரட்சியின் ஆண்டு விழா நவம்பர் 7-இல் வருகிறது.

இது எங்கேயோ ஐரோப்பாவில் நடந்த விஷயம் என்று தள்ளிவிட முடியாது. 1746-இல் பிரெஞ்சுப் படை சென்னைக் கோட்டையைக் கைப்பற்றியதை ஆங்கிலேயர் பதிவு செப்டம்பர் 10 என்கிறது, பிரெஞ்சுப் பதிவு செப்டம்பர் 21 என்கிறது. நாள் ஒன்றுதான், நாட்காட்டிக்குள் 11 நாள் வித்தியாசம். புதுச்சேரியில் ஆனந்தரங்கப் பிள்ளை எழுதிய நாட்குறிப்பின் ஆங்கிலத் தேதிகள் பிரெஞ்சுக்காரர் கணக்குப்படியானவை. அவற்றை ஆங்கிலேயரின் கோட்டைப் பதிவுகளோடு நேராக ஒப்பிட்டால் தவறாகத்தான் முடியும்.

இன்னொன்றும் உண்டு. பிரிட்டன் புதிய நாட்காட்டிக்கு மாறியபோது 1752 செப்டம்பர் 2-க்கு அடுத்த நாள் 14 ஆனது. அந்தச் சட்டம் பிரிட்டிஷ் முடியாட்சிக்கு உட்பட்ட எல்லாப் பகுதிகளுக்கும் பொருந்தியது. ஆக, பிரிட்டிஷ் கணக்கில் 1752 செப்டம்பர் 11 என்று ஒரு நாளே கிடையாது. அந்தத் தேதியிட்டு ஒரு லண்டன் நிகழ்வு உங்கள் கோப்பில் இருந்தால் அடித்துவிடலாம்.

நடைமுறை விதி இது: 1582-க்கு முந்தைய தேதிகளை மாற்றாமல் அப்படியே விடுங்கள், ஸ்டர்லிங் பாலம் 1297 செப்டம்பர் 11 ஆகவே இருக்கட்டும். 1582-க்கும் 1752-க்கும் இடையே (ரஷ்யா என்றால் 1918 வரை) நடந்ததென்றால் எந்த நாட்டின் பதிவு என்று பாருங்கள். பார்சிலோனா வீழ்ந்த 1714 செப்டம்பர் 11 ஸ்பெயின் கணக்கு. அதே நாள் அன்றைய லண்டனில் ஆகஸ்ட் 31.

*கிழமை பொருந்துகிறதா?* கடைசியாக ஆண்டு நாட்காட்டியில் கிழமையைப் பாருங்கள். 1893 திங்கள், 1906 செவ்வாய், 1957 புதன், 1973 செவ்வாய், 2001 செவ்வாய். பழைய செய்தியிலோ கடிதத்திலோ ‘வெள்ளிக்கிழமை நடந்தது’ என்று இருந்து, நாட்காட்டி செவ்வாய் காட்டினால் எங்கோ பிழை. செய்தித்தாளை ஆதாரமாக எடுக்கும்போது இது பெரிதும் உதவும், ஏனென்றால் தாளின் மேலே இருக்கும் தேதி அச்சான தேதி. நிகழ்வு பெரும்பாலும் முந்தின நாள் நடந்திருக்கும்.

பிறந்த நாள்களில் கூடுதல் எச்சரிக்கை தேவை. பள்ளியில் சேர்க்கும்போது வயது எட்டுவதற்காக மே, ஜூன் என்று எழுதிவைத்த தலைமுறை நம்முடையது. சான்றிதழ்த் தேதியும் குடும்பம் கொண்டாடும் தேதியும் வேறாக இருந்தால் இரண்டையும் கோப்பில் குறியுங்கள்.

4. அன்று நடந்தது எது என்று துல்லியமாகச் சொல்லுங்கள்

தேதி சரி என்று ஆன பிறகு, அந்த நாளில் நடந்தது எது, அதற்கு முன்னும் பின்னும் நடந்தவை எவை என்று பிரியுங்கள். வாய்வழியாகப் பரவிய கதை மாதக்கணக்கான சம்பவங்களை ஒரே நாளில் அடைத்துவிடும்.

விவேகானந்தர் செப்டம்பர் 11 அன்று பேசியது வரவேற்புக்கு மறுமொழியான சிறு உரை. இந்து சமயம் பற்றிய நீண்ட கட்டுரையை அவர் வாசித்தது செப்டம்பர் 19. நிறைவு உரை 27. பகிரப்படும் ‘சிகாகோ உரை’ பலவற்றில் இந்த மூன்றும் கலந்திருக்கும். பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டப் போகிறீர்கள் என்றால் 11-ஆம் தேதிக்கு உரிய பகுதியை மட்டும் எடுங்கள்.

1906 ஜோகன்னஸ்பர்க் நிகழ்வைச் ‘சத்தியாகிரகம் தொடங்கிய நாள்’ என்று ஒரே வரியில் எழுதிவிடுகிறார்கள். அன்று நடந்தது இது: ஜோகன்னஸ்பர்க் அடங்கிய டிரான்ஸ்வால் பகுதியின் அரசு, ஆசியர்கள் விரல்ரேகை வைத்துப் பதிவு செய்ய வேண்டும் என்று அவசரச் சட்டம் கொண்டுவர முனைந்தது. அதை எதிர்த்து எம்பயர் அரங்கில் இந்தியர்கள் திரண்டார்கள். ஹாஜி ஹபீப் எழுந்து, கடவுளைச் சாட்சியாக வைத்து உறுதி எடுப்போம் என்றார். அப்படிப்பட்ட உறுதிமொழியின் பாரம் என்ன என்று காந்தி கூட்டத்துக்கு விளக்கினார். எல்லோரும் நின்று, கை உயர்த்தி, சட்டத்துக்குப் பணிவதில்லை என்று உறுதி எடுத்தார்கள். போராட்டத்துக்கு அந்தப் பெயர் வந்தது பிறகுதான். இப்படி எழுதினால் செய்தி உயிரோடு இருக்கும். அந்த உறுதிமொழியின் தொடர்ச்சியாக எழுந்த போராட்டத்தில்தான் தில்லையாடி வள்ளியம்மை சிறை சென்று, 1914 பிப்ரவரி 22-இல் உயிர்நீத்தார் என்ற இணைப்பையும் இங்கே தரலாம்.

பாரதியார் யானை தாக்கி இறந்தார் என்பது இன்னும் விடாமல் திரும்பச் சொல்லப்படும் பிழை. திருவல்லிக்கேணி கோயில் யானை அவரைத் தள்ளியது உண்மை. ஆனால் அந்தக் காயத்திலிருந்து தேறி, ஈரோடு கருங்கல்பாளையம் சென்று பேசிவிட்டு வந்தார். அவர் உயிரைப் பறித்தது பிறகு வந்த வயிற்றுக்கடுப்பு. அப்போது அவருக்கு 39 வயதுகூட நிறையவில்லை.

சிலியில் அதிபர் அயெந்தே ‘கொல்லப்பட்டார்’ என்று எழுதும் முன் நிறுத்துங்கள். 1973-இல் விமானப்படை அதிபர் மாளிகை மேல் குண்டு வீசியது, ராணுவம் உள்ளே நுழைந்தது, அவர் அங்கேயே இறந்தார். 2011-இல் உடலைத் தோண்டி எடுத்து நடத்திய ஆய்வு அது தற்கொலை என்று உறுதி செய்தது. ‘ராணுவக் கவிழ்ப்பின்போது மாளிகையிலேயே உயிரிழந்தார்’ என்பது எல்லா வகையிலும் சரியான வாசகம்.

எண்களிலும் இதே கவனம் தேவை. 2001 தாக்குதலில் இறந்தோர் 2,977 என்றும் 2,996 என்றும் காண்பீர்கள். முதல் எண்ணில் கடத்தல்காரர்கள் 19 பேர் இல்லை, இரண்டாவதில் இருக்கிறார்கள். பலியானவர்களைச் சொல்வதானால் 2,977 என்பதே சரி.

இரண்டு ஆதாரம் கேட்பதும் இந்தப் படிக்காகத்தான். ஆனால் இரண்டு தளத்தில் ஒரே வாக்கியம் சொல் மாறாமல் இருந்தால் அது ஒரே ஆதாரம்தான், ஒருவர் மற்றவரிடமிருந்து எடுத்திருக்கிறார். ஒருமித்த எழுத்துப்பிழை இருந்தால் ஐயமே வேண்டாம்.

5. தற்செயலா, தொடர்பா என்று பாருங்கள்

ஒரே தேதியில் வந்ததாலேயே நிகழ்வுகளுக்குள் உறவு இருக்கிறது என்று ஆகிவிடாது. 1893-க்கும் 2001-க்கும் நடுவே ‘விதியின் விளையாட்டு’ என்று ஒரு கோடு இழுப்பது பலருக்குப் பிடித்த வேலை. நான் அதைத் தொகுப்பில் விடமாட்டேன். அந்த இரண்டும் தற்செயலாக ஒரே நாளில் வந்தவை, அவ்வளவுதான்.

சில இடங்களில் உறவு உண்மையாகவே இருக்கும். ஒரு நிகழ்வின் நினைவு நாள் கூட்டத்தைக் கூட்டுகிறது, அந்தக் கூட்டத்தில் இன்னொரு நிகழ்வு நடக்கிறது. 1957 செப்டம்பர் 10-இல் மாவட்ட ஆட்சியர் கூட்டிய அமைதிக் கூட்டத்தில் கலந்துகொண்ட இம்மானுவேல் சேகரன், மறுநாள் இரவு பரமக்குடியில் வெட்டிக் கொல்லப்பட்டார். அவர் நினைவிடத்துக்கு ஒவ்வோர் ஆண்டும் அந்த நாளில் மக்கள் வருகிறார்கள். 2011 செப்டம்பர் 11 அன்று பரமக்குடியில் துப்பாக்கிச்சூடு நடந்து உயிர்கள் போனது அந்த நினைவு நாளில்தான். இது தற்செயல் அல்ல. இந்த இரண்டையும் அடுத்தடுத்து வைத்து, உறவைச் சொல்லித்தான் எழுத வேண்டும்.

பார்சிலோனாவும் அப்படித்தான். 1714-இல் நகரம் வீழ்ந்த நாளையே, அந்த நகரம் அமைந்த ஸ்பெயின் பகுதியான காட்டலோனியா தன் தேசிய நாளாகக் கடைப்பிடிக்கிறது. அதனால் பிற்காலத்தில் அங்கே நடந்த பெரும் பேரணிகளும் அதே தேதியில் வருகின்றன.

கோப்பில் ஒவ்வொரு நிகழ்வுக்கும் எதிரே ‘தற்செயல்’ அல்லது ‘தொடர்பு’ என்று குறியுங்கள். எழுதும்போது என்ன சொல்லலாம், என்ன சொல்லக்கூடாது என்பதை இந்தக் குறிப்பே தீர்மானிக்கும்.

6. இப்போது தேர்ந்தெடுங்கள்

ஐயக் கட்டம் காலியாக உள்ளவற்றிலிருந்து மட்டும் எடுங்கள். ஐந்துமே போரும் மரணமுமாக இருந்தால் ஒன்றை மாற்றுங்கள். ஊருக்கு நெருக்கமானது ஒன்று கட்டாயம் இருக்கட்டும்.

சாதி, மதம் தொடர்பான கொலைகளை ‘வம்பு எதற்கு’ என்று விட்டுவிடச் சொல்வார்கள். நான் உடன்படவில்லை. இராமநாதபுரம் மாவட்டத்துப் பலகையில் செப்டம்பர் 11 அன்று சிலி இருந்து இம்மானுவேல் சேகரன் இல்லையென்றால் அந்தப் பலகை முழுமையானது அல்ல. அடைமொழி இல்லாமல், யார், எங்கே, எப்போது, என்ன என்று மட்டும் எழுதுங்கள். அதுவே அவருக்குச் செய்யும் மரியாதை.

7. எழுதுங்கள்

பழையதிலிருந்து புதியதற்கு வாருங்கள். ஒவ்வொன்றும் ஆண்டில் தொடங்கட்டும், அடுத்து இடம், அதன் பிறகு ஆள், கடைசியில் செயல். கேட்பவர் மனத்தில் காலமும் இடமும் அமர்ந்த பிறகு பெயர் வந்தால்தான் நிற்கும்.

பெரும்பாலும் வந்துசேரும் வடிவம் இது: ‘உலகையே உலுக்கிய மாபெரும் நிகழ்வாக காந்தியடிகள் சத்தியாகிரகம் என்னும் அறவழியைத் தொடங்கிய பொன்னாள்.’ இதில் ஆண்டு இல்லை, இடம் இல்லை, நடந்தது என்னவென்றும் தெரியவில்லை.

திருத்தினால் இப்படி வரும்: ‘1906. தென்னாப்பிரிக்காவின் ஜோகன்னஸ்பர்க். விரல்ரேகை வைக்கச் சொல்லும் சட்டத்துக்குப் பணிய மாட்டோம் என்று இந்தியர்கள் ஓர் அரங்கில் கூடி உறுதிமொழி எடுத்தார்கள். காந்தியும் அவர்களில் ஒருவர்.’

தொடர்பு உள்ளவற்றில் மட்டும் ‘இதே நாளில்’, ‘அந்த நினைவு நாளில்’ போன்ற இணைப்புச் சொற்கள் வரலாம். மற்றவற்றுக்கு ஆண்டே போதுமான பிரிப்பு.

8. வாய்விட்டுப் படித்து, கோப்பை மூடுங்கள்

ஒரு முறை உரக்கப் படியுங்கள். மேடையில் படிக்கப் போவது மாணவர் என்றால் அவரையே படிக்கச் சொல்லுங்கள். அயெந்தே, ஜோகன்னஸ்பர்க் போன்ற பெயர்களில் தடுக்கினால் கூட்டத்துக்கு முன்பே பழக்கிவிடலாம். ஆண்டுகளை ‘ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஆறு’ என்று படிக்கிறாரா, ‘பத்தொன்பது பூஜ்யம் ஆறு’ என்று படிக்கிறாரா என்பதையும் கவனியுங்கள்.

பிறகு ஆதாரங்களோடு கோப்பை அப்படியே வைத்திருங்கள். அடுத்த ஆண்டு அதே தேதி வரும்போது சோதனையில் தேறியும் எடுக்காமல் விட்டவை சரிபார்த்த நிலையில் தயாராக இருக்கும். யாராவது வந்து ‘பாரதி மறைந்தது 12 அல்லவா’ என்று கேட்டால் பக்கத்தைத் திறந்து காட்டலாம். அவர் சொல்வது சரியாக இருந்து உங்கள் பதிவு தவறாக இருந்தால், அடித்துவிட்டு மேலே எழுதாதீர்கள். பழையதைக் கோடிட்டு, புதியதையும் அதன் ஆதாரத்தையும் திருத்திய தேதியையும் பக்கத்திலேயே எழுதி, மறுநாள் பலகையில் திருத்தத்தைப் போடுங்கள்.